அமெரிக்க எழுத்தாளர் ஹெர்மன் மெல்வில்லின் கடைசிக் காலம்: கேள்வி பதில்

கே: ஐயா, ‘மோபி டிக்’ நாவல் தோற்றதும் மெல்வில் ஏன் எழுத்தையே விட்டுவிட்டார்?

விடவில்லை. 1857க்குப் பிறகு நாவல் வெளியிடவில்லை, அவ்வளவுதான். 1866 டிசம்பரில் நியூயார்க் சுங்கத் துறையில் ஆய்வாளராகச் சேர்ந்தார். சம்பளம் நாளுக்கு 4 டாலர். 19 வருடம் அதே வேலை. மறு வருடமே மூத்த மகன் மால்கம் துப்பாக்கியால் சுட்டுக்கொண்டு இறந்தான். அந்த வீட்டில் இருந்துகொண்டுதான், வேலை போக மிஞ்சிய நேரத்தில், புனித பூமிப் பயணத்தை வைத்து ‘கிளாரெல்’ என்ற நெடுங்கவிதையை எழுதினார். ஏறக்குறைய 18,000 வரி. 1876இல் அது அச்சேறியது தாய்மாமன் கொடுத்த பணத்தில். மூன்று வருடம் கழித்து, விற்காத பிரதிகளைக் கூழாக்க அவரே சம்மதம் கொடுக்க வேண்டியிருந்தது. ‘எழுத்தை விட்டார்’ என்று தயவுசெய்து யாரும் எழுதாதீர்கள்.

கே: ‘மோபி டிக்’கை விமர்சகர்கள் ஏன் புரிந்துகொள்ளவில்லை?

பல காரணம். ஒன்று மட்டும்: 1851 லண்டன் பதிப்பில், கதைசொல்லி பிழைத்ததைச் சொல்லும் முடிவுரை விடுபட்டுப்போனது. கப்பலே மூழ்கிய பிறகு கதைசொல்லி எப்படிப் பிழைத்தான் என்று அங்கே கேட்டார்கள்.

கே: அவர் எழுதுவதை நிறுத்தக் காரணம் வறுமையா?

முதல் பதிலைப் படியுங்கள்.

கே: எனக்கு வயது 63. என் நாவலுக்குப் பதிப்பாளர் கிடைப்பாரா?

அது எனக்குத் தெரிந்த துறை இல்லை ஐயா. பதிப்புத் துறையில் இருப்பவரைக் கேளுங்கள்.

கே: கடைசிக் கவிதை நூல்களை 25 பிரதிதான் அச்சிட்டார். அது தோல்வி இல்லையே, விடுதலைதானே?

பாதி ஒப்புக்கொள்கிறேன். 1888இலும் 1891இலும் அப்படிப் போட்டது அவரே எடுத்த முடிவு. விற்குமா என்ற கவலை அந்தக் கவிதைகளில் இல்லை.

கே: பாதி எதற்கு? முழுதாகவே ஒப்புக்கொள்ளலாமே.

முடியாது. கடலோடிக் கதைகளால் 27 வயதில் புகழ் பெற்றவர் அவர். வாசகர் இருந்தால் எப்படி இருக்கும் என்று தெரிந்தவர். அப்படிப்பட்டவரின் தனிமையை விடுதலை என்று நாம் அழகுபடுத்தினால், கூழாகிப்போன ‘கிளாரெல்’ கண்ணில் படாது. ஆனால் தோற்றவர் என்று மட்டும் சொன்னால் ‘பில்லி பட்’ குறுநாவல் கண்ணில் படாது. 1891இல் சாகும்வரை அதைத் திருத்திக்கொண்டே இருந்தார். கைப்பிரதி 1924இல்தான் அச்சானது. கேட்பார் இல்லாத காலத்தில் ஒரு மனிதர் வரிவரியாக அடித்துத் திருத்தியதை என்ன பெயரிட்டு அழைப்பது? எனக்கு இரண்டு சொல்லும் போதவில்லை.

கே: ஏன் எழுதுவதை நிறுத்தினார் என்று...

நிறுத்தவில்லை!

கே: எதில் தொடங்கிப் படிக்கலாம்?

‘பார்ட்டில்பி’ சிறுகதை, 1853. பிறகு ‘பில்லி பட்’. ‘கிளாரெல்’ இப்போது வேண்டாம்.