அரசுத் துறையில் 12 வருடமாகத் தினக்கூலி. வழக்குப் போட்டால் பணிநிரந்தரம் கிடைக்குமா?

தம்பி, மஸ்டர் ரோலில் (தினக்கூலிகளின் வருகைப் பதிவேட்டில்) உங்கள் பெயர் என்றைக்கு ஏறியது? வேலைக்குச் சேர்ந்த தேதியைக் கேட்கவில்லை, பெயர் ஏறிய தேதியைக் கேட்கிறேன். அந்த இரண்டு தேதிக்கும் உள்ள வித்தியாசத்தால்தான் என் 12 வருடம் போயிற்று.

1995 அக்டோபரில் ஒரு துறையின் நீரேற்று நிலையத்தில் சேர்ந்தேன். அங்கே மோட்டார் ஓட்டியவர் ஓய்வு பெற்றதும், அந்த இடத்துக்கு ஆள் எடுக்காமல் என்னைத் தினக்கூலியாக (என்.எம்.ஆர்) வைத்துக்கொண்டார்கள். முதல் நாலு மாதக் கூலி வேறொரு பெயரில் வவுச்சர் போட்டுக் கொடுக்கப்பட்டது. என் பெயர் ரோலில் வந்தது 1996 பிப்ரவரியில். கூலி கைக்கு வந்ததால் நானும் கேட்கவில்லை.

2006 பிப்ரவரி 28-ல் தமிழக அரசின் அரசாணை 22 வந்தது. அந்த ஜனவரி 1-ல் 10 ஆண்டு முடித்த தினக்கூலிகளைப் பணிவரன்முறை, அதாவது பணிநிரந்தரம், செய்யலாம் என்றது. காகிதப்படி எனக்கு ஒரு மாதம் குறைவு. என்னோடு ராத்திரி ஷிப்ட் பார்த்தவருக்கு ஆணை வந்தது, என் மனு திரும்பி வந்தது.

அதே வருடம் ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் உமாதேவி தீர்ப்பு. முறையான தேர்வில்லாமல் வந்தவர் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. ஆனால் 53-வது பத்தியில், அனுமதிக்கப்பட்ட காலியிடத்தில், கோர்ட் உத்தரவின் தயவில்லாமல் 10 ஆண்டு உழைத்த தகுதியுள்ளவர்களை ஒருமுறை மட்டும் வரன்முறை செய்யச் சொன்னது. என்னை நிராகரித்த கடிதங்கள் எதிலும் அந்தப் பத்தி இல்லை.

2008-ல் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டேன். 'பரிசீலிக்கவும்' என்று உத்தரவு. பரிசீலித்து மறுபடி நிராகரித்தார்கள். இரண்டாவது ரிட்டில் என்னைக் காப்பாற்றியது மோட்டார் லாக் புக். இரண்டு மணிக்கு ஒருதரம் நீர்மட்டம் எழுதிக் கையெழுத்துப் போடுவோம். 1995 அக்டோபர் பக்கங்களில் என் கையெழுத்தும், கீழே பிரிவு அலுவலர் கையெழுத்தும் இருந்தன. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகல் வாங்கினேன். ஜெயித்தேன். துறை அப்பீல் போனது, அதுவும் தள்ளுபடியானது. ஆணை கைக்கு வந்தது 2018-ல், அன்றைய தேதியிலிருந்து மட்டும். 2003 ஏப்ரலுக்குப் பிறகு சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியம் கிடையாது; நானும் அந்தக் கணக்கில் வந்ததால் அதுவும் இல்லை.

'பின்வாசல்' என்று எழுத வருபவர்களுக்கு: 1984-ல் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்தவன் நான். நேர்காணலுக்கு ஒரு அழைப்புக் கார்டுகூட வரவில்லை. பதிந்து காத்திருக்கும் மற்றவர்களுக்கும் உரிமை உண்டு, மறுக்கவில்லை. ஆனால் ஓய்வு பெற்றவர் இடத்தை 20 வருடம் நிரப்பாமல் வைத்தது நானா?

இன்னொன்று, கேள்விக்குச் சம்பந்தமில்லைதான். 2011-ல் மகள் படிப்புக்கு வங்கியில் கடன் கேட்டேன். சம்பளச் சான்று கேட்டார்கள். 'உனக்குச் சம்பளம் இல்லை, கூலி. சான்று தர முடியாது' என்றது அலுவலகம். அவள் ஒரு வருடம் வீட்டில் இருந்தாள். நிலுவை ஊதியம் என்று எதைக் கொடுத்தாலும் அந்த வருடம் வராது.

உங்களுக்கு அரசாணை 22 பொருந்தாது, தேதி தாண்டிவிட்டது. ஆனால் 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில், நீண்ட காலம் உழைத்தவர்களுக்கு எதிராக உமாதேவியை ஆயுதமாக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதில் ஜெயித்தவர்கள் மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவும் தோட்ட வேலையும் பார்த்தவர்கள். 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கில், நிதி இல்லை என்ற ஒரே பதிலை வைத்து அரசு தப்பிக்க முடியாது என்றும் சொன்னது. நான் வக்கீல் இல்லை. இந்த இரண்டையும் உங்கள் வக்கீலிடம் காட்டுங்கள். அதற்கு முன்னால், நீங்கள் பார்க்கும் இடம் அனுமதிக்கப்பட்ட பணியிடமா, எந்தத் தேதியிலிருந்து காலி, உங்கள் பெயர் உள்ள மஸ்டர் ரோல் நகல், இந்த மூன்றையும் கேட்டு இந்த வாரமே தகவல் மனு போடுங்கள். பழைய ரெஜிஸ்டர்களை எடைக்குப் போட்டுவிடுவார்கள்.