வான்கப்பல்களுக்கு எமன் தீயா, புயலா? கேள்வி பதில்

கே: ஹிண்டன்பர்க் எரிந்ததால்தானே சார் வான்கப்பல் காலமே முடிந்தது?

வான்கப்பல் என்றால் காற்றைவிட லேசான வாயுவால் மிதந்து, இயந்திரத்தால் ஓடும் ராட்சதக் கப்பல். ஜெர்மனியின் ஹிண்டன்பர்க்கில் இருந்தது எளிதில் தீப்பிடிக்கும் ஹைட்ரஜன். அது எரியும் படத்தைப் பார்த்தவர்கள் எல்லாரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். 1937 மே 6 அன்று 36 பேர் இறந்தது உண்மை. ஆனால் அதற்கு நான்கு வருடம் முன்பே அமெரிக்கக் கடற்படையின் ஆக்ரான் விழுந்து 73 பேர் இறந்தார்கள், அதில் இருந்ததோ எரியாத ஹீலியம். ஹிண்டன்பர்க்கும்கூட இடிமழை விடட்டும் என்று மணிக்கணக்கில் காத்திருந்துதான் அமெரிக்காவின் லேக்ஹர்ஸ்டில் இறங்க வந்தது.

கே: ஆக்ரான் எப்படி விழுந்தது?

1933 ஏப்ரல் 4, நள்ளிரவு தாண்டிய நேரம், நியூ ஜெர்சி கடலோரத்தில் புயல். அந்தக் காலத்து உயரமானி காற்றழுத்தத்தை வைத்துத்தான் உயரம் காட்டும், புயலுக்குள் அழுத்தம் இறங்கினால் முள் நிஜ உயரத்தைவிடக் கூடுதலாகக் காட்டும். கீழே இன்னும் இடம் இருக்கிறது என்று நம்பி மூக்கைத் தூக்கினார்கள். கப்பலோ கிட்டத்தட்ட 240 மீட்டர் நீளம், மூக்கு ஏற ஏற வால் இறங்கிப் போய்க் கடலில் அடித்தது. மாலுமிகளுக்கு மிதவைச் சட்டைகள் கொடுக்கப்படவில்லை, தண்ணீரோ கடுங்குளிர். 76 பேரில் பிழைத்தது 3 பேர்.

கே: அப்போ ஹீலியம் போட்டும் பிரயோஜனம் இல்லையா அண்ணே?

தீயைத் தடுக்கும், காற்றை என்ன செய்யும்? 1925இல் அமெரிக்கக் கடற்படையின் இன்னொரு ஹீலியம் கப்பல் ஷெனாண்டோவா, ஓஹியோ மாநிலத்துக்கு மேலே சூறைக்காற்றில் சிக்கி நடுவானிலேயே துண்டானது, 14 பேர் இறந்தார்கள். ஆனால் உடைந்த மூக்குத் துண்டில் இருந்த சிலர் அதையே பலூன் போல ஓட்டித் தரையிறங்கினார்கள், ஹைட்ரஜனாக இருந்திருந்தால் அதுவும் சந்தேகம்தான்.

கே: இந்தியாவுக்கு ஒன்று வர இருந்ததாமே?

ஆர்101 என்ற பிரிட்டிஷ் ஹைட்ரஜன் வான்கப்பல். அன்றைய பிரிட்டிஷ் இந்தியாவின் கராச்சியில் அதற்கென்றே ராட்சதக் கொட்டகை கட்டி வைத்திருந்தார்கள். பிரிட்டிஷ் விமானத் துறை அமைச்சர் தாம்சன் பிரபுவுக்கு, லண்டனில் நடந்துகொண்டிருந்த பேரரசு மாநாடு முடிவதற்குள் போய்த் திரும்பிவிட வேண்டும் என்ற அவசரம். சோதனைப் பறத்தல் சரியாக முடியாத கப்பலை 1930 அக்டோபர் 4 மாலை, மோசமான வானிலையில் கிளப்பினார்கள். மறுநாள் அதிகாலை இரண்டு மணி வாக்கில், மழையிலும் காற்றிலும், பிரான்சின் போவே அருகே தரையில் மோதி எரிந்தது. 54 பேரில் 48 பேர் போனார்கள், அமைச்சரும் அதில் ஒருவர். என்னைக் கேட்டால் இதில் புயலைவிட அவசரத்துக்குத்தான் பங்கு அதிகம்.

கே: ஒருத்தர்கூட ஒழுங்காக ஓட்டவில்லையா?

ஏன் இல்லை, ஜெர்மன் வான்கப்பல் தலைவர் ஹூகோ எக்கனர் இருந்தாரே. அவருடைய கிராஃப் செப்பலினும் ஹைட்ரஜன் கப்பல்தான், 1929இல் உலகத்தையே சுற்றி வந்தது, கடைசிவரை ஒரு பயணிகூட சாகவில்லை. மனிதர் வானிலை வரைபடத்தை விட்டுக் கண்ணை எடுக்கமாட்டார். வட அட்லாண்டிக்கில் காற்றழுத்தத் தாழ்வு இடஞ்சுழியாக, அதாவது கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் சுற்றும், அதனால் மேற்கே போகும்போது அதன் வடபுறமாகப் போனால் காற்றே பின்னாலிருந்து தள்ளிவிடும். தூரம் கூடினாலும் பரவாயில்லை என்று சுற்றிப் போவார்.