மேலிடம் எந்த மாடியில்?

கேள்வி: என் அண்ணனின் சாப்பாட்டுக் கடைக்கு லைசென்ஸ் மறுத்தார்கள். வழக்குப் போட்டோம், மறுப்பு செல்லாது என்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்போடு போனால், "மேலிடத்து உத்தரவு வரவில்லை" என்கிறார் அதிகாரி. நீதிமன்ற உத்தரவுக்குக் கீழ்ப்படிவது அவர் கடமை இல்லையா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், செந்தூல், கோலாலம்பூர்

பதில்: கடமைதான், அதில் என்ன சந்தேகம்? என் தூக்கத்தைக் கெடுத்தது நீங்கள் போகிற போக்கில் எழுதிய ‘மேலிடம்’. சென்னை ஏடுகளில் மேலிடம் என்றால் டில்லி என்று சிறுபிள்ளைக்கும் தெரியும். நம் ஊர் மேலிடம் எங்கே இருக்கிறது?

ஒருமுறை தேடிப் போயிருக்கிறேன். பத்திரிகைக்கு ஆண்டுதோறும் பெர்மிட் புதுப்பிக்க வேண்டியிருந்த காலம். 1984-ஆம் ஆண்டு அச்சகச் சட்டம் வைத்த வேலை. 2012-இல்தான் அந்தத் தொல்லை ஒழிந்தது. டிசம்பர் பிறந்தால் எங்கள் அலுவலகத்தில் எல்லோருக்கும் வயிற்றைக் கலக்கும். அமைச்சுக்குப் போய் விண்ணப்பம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். முகப்பில் இருந்தவர் "மேலிடத்தில் இருக்கிறது" என்றார். லிஃப்ட் பழுது. இரண்டாம் மாடியில் கேட்டேன், "மேலே." நான்காம் மாடியில் ஒருவர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "இன்னும் மேலே" என்றார். ஏழாம் மாடிக்கு மேல் ஓர் இரும்புக் கதவு. தள்ளினேன். மொட்டை மாடி. ஒரு தண்ணீர்த் தொட்டி, காயப்போட்ட இரண்டு துண்டுகள், ஒரு காகம். வேறு வழியில்லாமல் தொட்டியிடமே விண்ணப்பத்தை நினைவூட்டிவிட்டு இறங்கினேன். மறுவாரம் பெர்மிட் வந்துவிட்டது. நன்றி சொல்ல வேண்டியது தொட்டிக்கா, காகத்துக்கா என்று இன்றுவரை குழப்பம்.

மேலிடம் கேட்கிறவர்களுக்கு ஒன்று காட்டுகிறேன். இதே கோலாலம்பூரில் ஒரு கம்பெனி தன் நிலத்தை மேம்படுத்த அனுமதி கேட்டது. நிரந்தர கிராண்டை ஒப்படைத்துவிட்டு 99 ஆண்டுக் குத்தகையாக வாங்கிக்கொள், அப்போதுதான் அனுமதி என்றது அரசுத் தரப்பு. அதுதான் ஸ்ரீ லெம்பா வழக்கு. தீர்ப்பு 1979-இல் சட்ட ஏட்டில் அச்சானது. எல்லையில்லாத அதிகாரம் என்ற பேச்சே முரண், சட்டம் தந்த அதிகாரத்துக்குச் சட்டத்தின் எல்லை உண்டு, இல்லையேல் அது சர்வாதிகாரம் என்று அதில் எழுதிய நீதிபதி ராஜா அஸ்லான் ஷா. 1989-இல் அவரே மலேசியாவின் மாமன்னர் ஆனார். அதற்கு மேல் இந்த நாட்டில் மாடி கிடையாது.

இதற்குள் நம் புலவர் நண்பர் பேனாவை எடுத்திருப்பார். ‘லைசென்ஸ்’ என்று அச்சிடாதே, ‘உரிமம்’ என்று எழுது என்று இருபது ஆண்டுகளாகக் கடிதம் போடுகிறவர். முகப்பில் போய் உரிமம் கேட்டுப் பாரும், மலாயில் லெசென் என்றால்தான் தலையே நிமிரும் என்பது என் கட்சி. ஆனால் இணையச் செய்தித் தளமான மலேசியாகினி தொடங்க நினைத்த அச்சு நாளிதழுக்கு உள்துறை அமைச்சு 2010-இல் பெர்மிட் மறுத்த வழக்கில் அவர் கட்சி ஜெயித்துவிட்டது. பத்திரிகை நடத்துவது சலுகை இல்லை, உரிமை என்றது உயர் நீதிமன்றம் 2012-இல். மறு ஆண்டு மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதை நிலைநிறுத்தியது. உரிமையிலிருந்துதான் உரிமம். புலவரே, இந்த ஒருமுறை மட்டும்.

அண்ணன் விஷயத்துக்கு வருகிறேன். தீர்ப்பில் ‘ரத்து’ மட்டும் இருக்கிறதா, ‘வழங்குக’ என்றும் இருக்கிறதா என்று பாருங்கள். பெரும்பாலும் மறுப்பை ரத்து செய்து, சட்டப்படி மறுபடி முடிவெடு என்று அனுப்பிவிடுவார்கள். அந்த இடைவெளியில்தான் அதிகாரி பாய் விரிக்கிறார். மறுபடி பார்க்கட்டும், செல்லாது என்றான அதே காரணத்தைத் தூசி தட்டி நீட்ட முடியாது. ‘வழங்குக’ என்றே இருந்தால் பாயைச் சுருட்ட வேண்டியதுதான். இல்லையேல் நீதிமன்ற அவமதிப்பு. மேல்முறையீடு என்பாரானால், நிறுத்திவைப்பு உத்தரவு எங்கே என்று கேளுங்கள். அரசுக்கு எதிராகத் தடையுத்தரவு கூடாது என்ற 1956-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 29-ஆம் பிரிவையும் காட்டுவார்கள். இருக்கட்டும். தீர்ப்புப் பணத்தைக் கட்டாமல் இழுத்த சபா மாநில அரசை, கட்டு என்று கட்டளையிட்டே பணிய வைக்கலாம் என்று 2008-இல் பெட்ரோஜாசா வழக்கில் நாட்டின் உச்ச மன்றமான கூட்டரசு நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அடுத்த முறை ‘மேலிடம்’ என்றால், அதையே எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரச் சொல்லுங்கள். புதிய மறுப்பு வந்தால் மூன்று மாதத்துக்குள் வழக்குப் போட்டாக வேண்டும், நாளை எண்ணிக்கொள்ளுங்கள். மாடி ஏறித்தான் பார்ப்பேன் என்றால் தண்ணீர் பாட்டில் கொண்டுபோங்கள். அந்தத் தொட்டி காலி. தட்டிப் பார்த்தேன்.