ப்ராக் கிழக்கிலா, நடுவிலா?

நண்பரே, செக் குடியரசை ஒரு வழிகாட்டி நூல் கிழக்கு ஐரோப்பா என்றும் இன்னொன்று மத்திய ஐரோப்பா என்றும் சொல்வதால், போட்டித் தேர்வில் எதை எழுதுவது என்று கேட்டிருந்தீர்கள். 'ஐ.நா. வகைப்பாட்டின்படி' என்று கேள்வியில் இருந்தால் தயங்காமல் கிழக்கு ஐரோப்பா என்று எழுதுங்கள். போலந்து, ஹங்கேரி, ஸ்லோவாக்கியாவையும் ஐ.நா.வின் புள்ளிவிவரப் பிரிவு அங்கேதான் வைத்திருக்கிறது. விரிவான விடையென்றால் மத்திய ஐரோப்பா என்று எழுதிக் காரணமும் சொல்லுங்கள்.

வரைபடத்தைப் பாருங்கள்: செக் தலைநகர் ப்ராக், ஆஸ்திரியத் தலைநகர் வியன்னாவுக்கு மேற்கே இருக்கிறது! 1918 வரை இரண்டும் ஹாப்ஸ்பர்க் அரச மரபு ஆண்ட ஒரே பேரரசின் நகரங்கள். 1948இல் ப்ராகில் கம்யூனிஸ்டுகள் ஆட்சியைப் பிடித்தார்கள். ஆஸ்திரியாவோ 1955இல் அந்நியப் படைகள் வெளியேறியதும் நடுநிலை நாடானது. ஒன்று 'கிழக்கு', மற்றது 'மேற்கு' ஆனது இப்படித்தான். புவியியலுக்கு இதில் வேலையே இல்லை.

இன்னும் விசித்திரம், இன்று உக்ரைனில் உள்ள உஷ்ஹொரோத் நகரம். 1910இல் அங்கே பிறந்து முதுமைவரை வாழ்ந்தவர், ஊரைவிட்டு நகராமலேயே ஆஸ்திரியா-ஹங்கேரி, செக்கோஸ்லோவாக்கியா, ஹங்கேரி, சோவியத் ஒன்றியம், உக்ரைன் என ஐந்து ஆட்சிகளைப் பார்த்திருப்பார்.

முதல் உலகப் போரின்போது ஜெர்மனியின் ஆதிக்கக் கனவுக்குப் பயன்பட்ட 'மத்திய ஐரோப்பா' என்ற சொல், 1989க்குப் பிறகு மாஸ்கோவின் நிழலிலிருந்து விலகுவோரின் அடையாளமானது. 1991 பிப்ரவரியில் போலந்து, ஹங்கேரி, செக்கோஸ்லோவாக்கியா மூன்றும் ஹங்கேரியின் விசெக்ராட் நகரில் கூடி ஒரு குழுவாகக் கைகோத்தன. 2004இல் ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்தன. 1993இல் செக்கோஸ்லோவாக்கியா செக் குடியரசு, ஸ்லோவாக்கியா என இரண்டானதால், 2004இல் சேர்ந்தபோது அவை நான்கு நாடுகள். தேர்வில் பலர் சறுக்குவது இங்கேதான்.