கலிபோர்னியாவில் வாடகை வீட்டின் பரணில் எலிகள் குடியேறினால் செலவு யாருடையது?

பெரும்பாலும் வீட்டு உரிமையாளருடையதுதான். வீட்டையும் வளாகத்தையும் எலி, பூச்சித் தொல்லை இல்லாமல் வாடகைக்கு விட வேண்டும் என்கிறது அம்மாநில உரிமையியல் சட்டத்தின் 1941.1 பிரிவு. ஒப்பந்தத்தைக் காட்டி அவர் கைவிரிக்க முடியாது.

புழுக்கை, கடிபட்ட மின்கம்பி எல்லாவற்றையும் படமெடுத்து, எழுத்தில் புகார் கொடுங்கள். வாய்ப்பேச்சும் செல்லும்; ஆனால் பின்னால் நிரூபிப்பது பெரும்பாடு. நியாயமான அவகாசம் (பொதுவாக 30 நாள்) கழிந்தும் அவர் அசையவில்லை என்றால், நீங்களே ஆள் வைத்துச் சரிசெய்து செலவை வாடகையில் கழிக்கலாம். ஒரு மாத வாடகையே உச்சவரம்பு. 12 மாதங்களில் இருமுறைதான் இந்த வழி. பொறி வைப்பதோடு நிற்காமல் ஓட்டைகளையும் அடைக்கச் சொல்லுங்கள்.

குப்பையைத் திறந்துபோட்டு எலிகளை வரவழைத்தது நீங்களென்றால் இந்த உரிமை கிடையாது. புகார் செய்ததற்குப் பழிவாங்க வெளியேற்றுவதை 1942.5 பிரிவு தடுக்கிறது. வாடகை பாக்கி மட்டும் வைக்காதீர்கள்.