எழுதிக் கொடுத்தவருக்குக் கூலி எப்போது?

கேள்வி: 'பாரசைட்' ஆஸ்கர் வாங்கியதிலிருந்து என் மகன் கொரியப் படங்களாகவே பார்க்கிறான். திரைக்கதை எழுத்தாளராகப் போகிறானாம். கொரியாவில் அந்தத் தொழிலில் இருப்பவர்கள் வசதியாக வாழ்கிறார்களா?
(ஒரு வாசகர், கும்பகோணம்)

பதில்: வசதியா? 2011 ஜனவரியில் சியோலுக்குத் தெற்கே அன்யாங் நகரில், வாடகை அறையில் ஒரு திரைக்கதை எழுத்தாளர் இறந்து கிடந்தார். பெயர் சோய் கோ-உன். வயது 32. கொரியத் தேசியக் கலைப் பல்கலைக்கழகத்தில் படித்தவர். குறும்படம் எடுத்துப் பெயர் வாங்கியவர். திரைக்கதைகளுக்கு ஒப்பந்தமும் ஆனது, படங்கள்தான் எடுக்கப்படவில்லை. கொஞ்சம் அரிசியோ கிம்ச்சியோ (கொரியர்களின் ஊறுகாய்) இன்னும் கிடைக்குமா என்று, மன்னிப்பும் கேட்டு, அதே கட்டடத்துப் பெண்மணிக்குச் சீட்டு எழுதி வைத்திருந்தார். இறந்தது பட்டினியாலா, தைராய்டு நோயாலா என்று ஊரே அடித்துக்கொண்டது. அந்தப் பட்டிமன்றத்தில் எனக்கு அக்கறை இல்லை. எழுதிக் கொடுத்தவருக்குப் பணம் ஏன் வந்து சேரவில்லை?

இதை இந்தப் பக்கத்தில் எத்தனை முறை கேட்டிருப்பேன்! நாற்காலி செய்து கொடுத்த தச்சரிடம், யாராவது வந்து உட்காரட்டும், பிறகு கூலி தருகிறேன் என்று எவரும் சொல்வதில்லை. திரைக்கதைக்கு மட்டும் முதலீட்டாளர் கிடைத்துப் படப்பிடிப்பு உறுதியானால்தான் பாக்கி. படம் நின்றால் எழுதியவர் பாடு அவரோடு. இயக்குநரே எல்லாம் என்று எனக்குக் கடிதம் எழுதித் தீர்க்கும் அன்பர்கள் இதற்கு இன்றுவரை பதில் சொல்லவில்லை.

சோய் கோ-உன் இறந்த ஆண்டே கொரியாவில் கலைஞர்களுக்கான நலச் சட்டம் நிறைவேறியது. மக்கள் அதை அவர் பெயராலேயே அழைக்கிறார்கள். ஆனால் வேலையில்லாக் காலத்துக்குக் கைகொடுக்கும் காப்பீடு கலைஞர்களுக்கு வந்தது 2020 டிசம்பரில்தான்! அதே ஆண்டு பிப்ரவரியில், இயக்குநர் போங் ஜூன்-ஹோவுடன் 'பாரசைட்'டை எழுதிய ஹான் ஜின்-வொன் ஆஸ்கர் மேடையில் நின்று, சுங்முரோவின் கதைசொல்லிகளோடு இந்தப் பெருமையைப் பகிர்ந்துகொள்கிறேன் என்றார். சுங்முரோ என்பது சியோலின் பழைய சினிமாத் தெரு. எனக்குக் கண் கலங்கிவிட்டது.

திரைக்கதை எழுத்தாளர் ஜியோங் சியோ-கியோங்கைப் பற்றியும் மகனிடம் சொல்லுங்கள். இயக்குநர் பார்க் சான்-வூக்குடன் 2005 முதல் எழுதுகிறார். ஒரே கணினி, இரண்டு திரை, இரண்டு விசைப்பலகை. ஒருவர் எழுதும் வரியை மற்றவர் அங்கேயே திருத்துவார். 'தி ஹேண்ட்மெய்டன்' படம் அப்படி வந்ததுதான். இயக்குநரும் எழுத்தாளரும் சமமாக உட்கார்ந்தால் என்ன நடக்கும் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

ஜியோங் தொலைக்காட்சிக்கும் எழுதுகிறார். அங்கே நிலைமை தலைகீழ். கிம் உன்-சூக் தொடர், கிம் உன்-ஹீ தொடர் என்று எழுதியவர் பெயரைச் சொல்லித்தான் கொரியர்கள் பார்க்கிறார்கள். பெயருக்குக் கூட்டம் வந்தால் பணமும் வருகிறது. நீங்கள் கேட்ட வசதி அந்தப் பக்கம் இருக்கிறது.

மகன் தாராளமாக எழுதட்டும். ஒப்பந்தம் என்று ஒன்று கைக்கு வந்தால், கடைசித் தவணை எந்த நாளில் என்ற வரியை மட்டும் நீங்களும் கூட உட்கார்ந்து படியுங்கள்.