சம்பளம் இல்லாத வில்லன்

கேள்வி: வியட்நாம் காதல் படங்களில் வில்லனே கிடையாதா? ஆனாலும் ஜோடி சேர மாட்டேன் என்கிறதே, யார்தான் பிரிக்கிறார்கள்?
- ஒரு வாசகர், திண்டிவனம்

பதில்: வில்லன் உண்டு. தனிச் சம்பளம்தான் கிடையாது. கதாநாயகனே அந்த வேலையையும் சேர்த்துப் பார்த்துவிடுவார். விக்டர் வூ இயக்கிய 'மாட் பியெக்' (2019) பாருங்கள். கிராமத்துப் பையன் ங்கானுக்குச் சின்ன வயதிலிருந்தே ஹா லான் மேல் உயிர். கிட்டாரும் கையுமாக அவளுக்காகப் பாட்டுக் கட்டுவான். 'உன்னைப் பிடித்திருக்கிறது' என்ற ஒரு வரி மட்டும் வாயில் வராது. அவள் படிக்க ஹுவே நகரத்துக்குப் போகிறாள். அங்கே ஒரு பணக்காரப் பையன், அப்புறம் கையில் குழந்தை. பையன் கழன்றுகொண்டான். இப்போதாவது சொன்னானா நம்மவன்? ம்ஹூம், குழந்தையைப் பார்த்துக்கொள்கிறான். அது வளர்ந்து இவனையே விரும்பத் தொடங்கியதும்தான் ஐயாவுக்குச் சுறுசுறுப்பு வருகிறது: ரயிலேறி ஓடிவிடுகிறார். இப்படி ஒருவர் கிடைத்தால் எந்தத் தயாரிப்பாளர் அடியாட்களுக்குச் செலவு செய்வார்? கிட்டார் வைத்திருக்கும் ஆண்களை நம்பாதீர்கள் என்று இந்தப் பக்கத்தில் எழுதி, இசைப் பிரியர்களிடம் ஏற்கெனவே வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறேன். மறுபடியும் எழுதுகிறேன்: நம்பாதீர்கள்.

டாங் நாட் மின்னின் 'பத்தாம் மாதம் வரும்போது' (1984) வேறு ரகம். கணவன் போரில் இறந்ததை நோயாளி மாமனாரிடம் மறைக்க ஒருத்தி பாடுபடுகிறாள். பள்ளி ஆசிரியரைக் கெஞ்சி, அவன் பெயரில் கடிதம் எழுத வைக்கிறாள். எழுத எழுத வாத்தியாருக்கே அவள் மேல் மனசு போய்விடுகிறது. ஊர் வாய் சும்மா இருக்குமா? அங்கே யாரைப் பிடித்து அடிப்பது? இந்தப் படத்தை மட்டும் நான் கேலி செய்ய மாட்டேன்.

கேலிக்கு வேறு ஆள் இருக்கிறார். நம் பத்திரிகையில் முன்பு எழுதிய விமர்சகர் ஒருவர், ட்ரான் ஆன் ஹுங்கின் 'பச்சைப் பப்பாளியின் மணம்' (1993) படத்தில் சைகோனின் மண்வாசனை வீசுகிறது என்று இரண்டு பக்கம் உருகினார். எடுத்ததெல்லாம் பிரான்சில், ஸ்டுடியோவுக்குள் போட்ட செட்டில். மண்ணைக் கொட்டியதே பிரெஞ்சு அரங்கத் தொழிலாளிகளாக இருக்கும் என்றேன். அன்றிலிருந்து அவருக்கும் எனக்கும் பேச்சுவார்த்தை இல்லை. படத்தில் பியானோக்காரர் வீட்டு வேலைக்காரப் பெண்ணிடம் வாய் திறக்காமலே மனதைப் பறிகொடுக்கிறார். (பியானோவையும் கிட்டார் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.) அவருக்கு நிச்சயித்த பெண் விஷயம் தெரிந்து வீட்டுச் சாமான்களை உடைக்கிறாள். பேசித் தீர்க்க ஆள் இல்லாத வீட்டில் வேறென்ன செய்வாள், பாவம்? என் ஓட்டு அவளுக்குத்தான்.